மௌனப்படத்துக்குச் சவுண்டு கேட்ட கூட்டம்

1978 மாசி மாதம் குன்னம் பள்ளிக்கூடக் கூடத்தில், பேச்சில்லாத காலத்துச் சிரிப்புப் படம் ஒன்றைத் திரையிட்டேன். வெங்காயச் சாக்குகளை ஜன்னல்களில் கட்டி இருட்டாக்கியிருந்தோம். படம் ஓடத் தொடங்கியதுமே கூட்டம் கத்தியது.

"சவுண்டு வைங்க சார்."

"இது பேசாத படங்க," என்றேன். யாரும் நம்பவில்லை. மிஷின் கெட்டுப்போனதாக நினைத்துப் பாதிப்பேர் எழுந்துவிட்டார்கள்.

தலைமையாசிரியர் என்னிடம் வந்தார். "நிறுத்திடுங்க. இனிமே கூடத்தைக் கேட்டு வராதீங்க."

அப்போது முன்வரிசையில் ஒருவர் பெரிதாகச் சிரித்தார். பிறவியிலேயே காது கேளாத என் அண்ணன். சினிமாக் கொட்டகையில் பாதியிலேயே தூங்கிவிடுகிறவர், திரையில் போலீஸ்காரர் ஏணியோடு சுண்ணாம்புத் தொட்டியில் விழுந்ததைக் கண்டு தொடையில் தட்டிச் சிரித்தார்.

"அவருக்கே கேக்குது, நமக்கென்னடா? உக்காருங்க," என்றார் கூட்டத்தில் ஒருவர்.

உட்கார்ந்தார்கள். திரையில் அடுத்த அடி விழுந்தபோது கூடமே சிரித்தது. தலைமையாசிரியரும் சாக்கு ஓரத்தில் நின்று முழுதாகப் பார்த்தார்.

முடிந்ததும், கத்திக்கொண்டே ஆரம்பத்தைத் தவறவிட்டவர்கள் அண்ணனைச் சூழ்ந்துகொண்டார்கள். அவர் கையாலும் உடம்பாலும் நடித்துக் காட்டினார். அந்தப் படங்களைப் பற்றி நிறையப் படித்திருந்தேன். ஆனால் பத்துப் பேர் நின்று அண்ணனிடம் கதை கேட்டதை அன்றுதான் பார்த்தேன்.