தண்ணீரில் நிற்கும் வெள்ளைக் குதிரை: ஆகுர்டியிலிருந்து தாபோடி வரை

நேற்று, சனிக்கிழமை காலை, எழுந்ததும் நான் முதலில் செய்த வேலை என் தொடர்கதையின் பதினெட்டாம் அத்தியாயத்தைத் திறந்தது. பல்கூடத் துலக்கவில்லை. ஒரே ஒரு வரியைத் தேடினேன். "குதிரையை மூன்று முறை கண்டவர், போன இடத்திலிருந்து திரும்புவதில்லை." எழுதியபோது எனக்கு மிகவும் பிடித்திருந்த வரி அது.

வெண்பாறை நாட்டுக் கதையை இங்கே படித்துவருபவர்களுக்கு அந்த நாட்டின் கனவுகள் தெரியும். புதிதாக வருபவர்களுக்காகச் சொல்கிறேன். அங்கே எல்லாருக்கும் குறிப்பிட்ட சில அடையாளங்கள்தான் மாறி மாறிக் கனவில் வரும். அவை சொல்கிறபடிதான் அவர்கள் நடப்பார்கள். இரும்புக் கொடி வந்தால் வீட்டில் ஒருவருக்குக் கையில் காயம்படும். பாலத்தின் நடுவே ஒற்றைச் செருப்பு கிடந்தால் தூரத்திலிருந்து ஆள் வரும். தண்ணீரில் நிற்கும் வெள்ளைக் குதிரைக்கு என்ன பொருள் என்று மேலே சொல்லிவிட்டேன். இதெல்லாம் எங்காவது நிஜமாக இருக்கிறதா, போய்ப் பார்க்க முடியுமா என்று சிலர் கேட்டிருந்தீர்கள். இருக்கிறது. இங்கே புனேயில்தான், ஐந்து ரூபாய் டிக்கெட் தூரத்தில். ஆனால் நான் போனது ஹேமாவுக்காக.

அந்தக் கனவுகள் ஹேமாவுடையவை. பன்னிரண்டு வருடம் இருவரும் ஒரே லோக்கல் ரயிலில் வேலைக்குப் போனோம். நான் ஆகுர்டியில் ஏறுவேன், அவள் கசார்வாடியில். உட்கார இடம் கிடைக்கிறதோ இல்லையோ, முந்தைய இரவின் கனவைச் சொல்லிவிடுவாள். நான் அதற்கு ஒரு பொருளைக் கற்பித்துக் கதையில் வைப்பேன். இங்கேயே தாபோடியில் பிறந்து வளர்ந்தவள்; தமிழ் பேசுவாள், படிக்கத் தெரியாது. அதனால் ஒவ்வொரு அத்தியாயத்தையும் நானே வாசித்துப் பதிவுசெய்து போனில் அனுப்புவேன். இரும்புக் கொடி அத்தியாயத்தை அனுப்பிய மறுவாரம் அவள் கணவர் முருகேசனின் விரல் லேத் மெஷினில் சிக்கியது. அதற்குப் பிறகு ஹேமா என் கதையைக் கதையாகக் கேட்கவில்லை. அது எனக்குத் தெரிந்தே இருந்தது. உள்ளுக்குள் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

இப்போது அவளுக்குக் கர்ப்பப்பையில் கட்டி. இன்னும் பரவவில்லை, உடனே எடுத்துவிட வேண்டும் என்கிறார் டாக்டர். இரண்டு முறை தேதி குறித்தும் அவள் போகவில்லை. மூன்றாவது தேதி வரும் வியாழன். "நீங்க சொன்னாத்தான் கேப்பா," என்று முருகேசன் போனில் சொன்னார்.

8.05 லோக்கல் 8.17க்கு வந்தது, 8.32க்குக் கசார்வாடி. ஸ்டேஷனிலிருந்து பத்து நிமிட நடை. முருகேசனின் பட்டறை வாசலில், லேத்தில் சீவி விழுந்த, நீலம் பாய்ந்த இரும்புச் சுருள்கள் குவிந்துகிடக்கும். அதுதான் இரும்புக் கொடி. ஷூ போட்டுக்கொண்டு போங்கள், செருப்பு தாங்காது.

பட்டறைக்கு மேலே மாடி வீட்டில் ஹேமா அவல் போஹா தட்டை நீட்டினாள். மெலிந்திருந்தாள்.

"சாப்பிடு மொதல்ல. அப்புறம் பாஷண் குடு."

"நான் எழுதினதெல்லாம் பொய்டி. உக்காந்து யோசிச்சு எழுதினது."

"கனவு யாரோடது?"

"உன்னோடது."

"அது பொய்யா?"

"அது இல்ல. அர்த்தம் மட்டும்..."

"அரே, இவர் விரலுக்கு உன் அர்த்தம் பக்கா, எனக்கு மட்டும் பொய்யா? குதிரை நாலு வாட்டி வந்துடுச்சு. மூணு போதும்னு கணக்கு வெச்சது நீதானே?"

சண்டையாகக் கேட்கவில்லை, சிரித்துக்கொண்டேதான் கேட்டாள். அதுதான் தாங்க முடியவில்லை.

குதிரை எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். தாபோடி ஆற்றங்கரையில், கல்யாண ஊர்வலத்துக்கு வாடகைக்கு விடும் குதிரை ஒன்று நிற்கும். வருடக்கணக்காக ரயில் ஜன்னலில் பார்த்ததுதான் அவள் கனவில் வருகிறது. நேரில் காட்டிவிட்டால் பயம் போய்விடும் என்று நினைத்தேன். வற்புறுத்தி அழைத்துப்போனேன். ஆட்டோவில் மூன்று கிலோமீட்டர், ஐம்பத்தைந்து ரூபாய், பன்னிரண்டு நிமிடம். 10.20க்கு இறங்கினோம்.

கரைமேல் ஒரு தகரக் கொட்டகை. குதிரை வெள்ளைகூட இல்லை, பழுப்பு. கழுத்தில் பிளாஸ்டிக் மாலை. எங்களைக் கண்டதும் குதிரைக்காரர் இந்தியில், கல்யாணம் எப்போது என்றார்.

ஹேமா என்னைக் காட்டி இந்தியிலேயே சொன்னாள். "இஸ்கா ஹை, இவளுக்குத்தான். மாப்பிள்ளைதான் இன்னும் கெடைக்கல."

அவர் விழுந்து விழுந்து சிரித்தார். ஊர்வலத்துக்கு நாலாயிரம், குடை இலவசம் என்றார். ஹேமா குதிரையின் நெற்றியைத் தடவிக்கொடுத்தாள். "இதுவாடி? நம்ம முருகேசன் மாதிரி நின்னுக்கிட்டே தூங்குது!" நான் படம் எடுத்தேன். வியாழக்கிழமை கைக்கு வந்துவிட்டது என்றே நம்பினேன்.

10.45 இருக்கும். மாலையில் ஊர்வலம் இருக்கிறது, குளிப்பாட்ட வேண்டும் என்று சொல்லிக் குதிரைக்காரர் கயிற்றை அவிழ்த்தார். நான் ஹேமாவின் கையைப் பிடித்துக்கொண்டேன். குதிரை சரிவில் இறங்கி முழங்கால் அளவுத் தண்ணீரில் நின்றது. அவர் வாளி வாளியாக ஊற்ற ஊற்ற, பழுப்பு போய் வெள்ளை வந்தது.

ஹேமா என் கையை விட்டாள்.

"அஞ்சு," என்றாள்.

அவளை வீட்டில் விட்டுவிட்டு 12.10 லோக்கலில் ஏறினேன்.

போக விரும்புகிறவர்களுக்கு: சனிக்கிழமை ரயிலில் கூட்டம் குறைவு, கரையில் நிழல் இல்லை, தண்ணீர் பாட்டில் எடுத்துக்கொள்ளுங்கள், ஆற்று நாற்றத்துக்குக் கைக்குட்டையும். அடையாளங்களை நம்பும் யாரையும் உடன் அழைத்துப்போகாதீர்கள்.

உண்மையைச் சொல்லிப் பார்த்தேன், கண்ணாலும் காட்டிப் பார்த்தேன். நான் வைத்த விதியை என்னாலேயே எடுக்க முடியவில்லை. அதனால் இன்னொரு விதி எழுதப் போகிறேன். குதிரையைப் பகலில், விழித்த கண்ணால், கரையில் நின்று பார்த்தவருக்குக் கனவின் கணக்கு அழிந்துபோகும். முன்பே எழுதியது, அனுப்ப விட்டுப்போன பக்கம் என்று சொல்லி அவளுக்கு வாசிப்பேன். நம்புவாள். அதன் பிறகு இந்த நாட்டிலிருந்து அவளை என்னால் ஒருபோதும் வெளியே கொண்டுவர முடியாது. ஆபரேஷன் மேஜைமேல் அவள் கண் திறக்காமல் போனால், அனுப்பியவளும் நான்தான்.

முருகேசனிடம்கூட இதைச் சொல்லவில்லை. ஹேமாவுக்குத் தமிழ் படிக்க வராது என்ற ஒரே தைரியத்தில் இங்கே எழுதுகிறேன். புதன்கிழமை காலை, நாங்கள் ரயிலில் சந்தித்துவந்த நேரத்துக்கு, பதிவை அனுப்பிவிடுவேன்.