நத்தையின் படகைக் காணோம்

பல் கட்டும் கூடத்தில் அவளுக்குப் பல்லக்கா என்றுதான் பெயர். முன்பற்கள் இரண்டும் கொஞ்சம் எடுப்பாக இருக்கும். "ஊருக்கெல்லாம் வரிசையா பல்லு வைக்கிறேன், எனக்கு வச்சவருதான் ஏதோ அவசரத்துல வச்சுட்டாரு" என்று அவளே முந்திக்கொண்டு சொல்லிவிடுவாள். அதற்குமேல் யாரும் கேலி செய்ய மிச்சம் இருக்காது.

மருத்துவர்களிடமிருந்து வாய் அச்சுகள் பெட்டியில் வந்து இறங்கும். அதில் ஜிப்சம் மாவைக் கரைத்து ஊற்றித் தாடையை வார்த்தெடுப்பாள். மெழுகில் ஈறு பிடித்து, பற்களை ஒவ்வொன்றாக நட்டு, மேலும் கீழும் கடித்துப் பார்ப்பாள். கடி சரியாக வராவிட்டால் மெழுகைச் சூடுகாட்டி மறுபடி ஆரம்பத்திலிருந்து தொடங்குவாள். பக்கத்து மேசையில் மெருகேற்றும் சக்கரம் நாளெல்லாம் அலறிக்கொண்டிருக்கும். மாலையில் வீட்டுக்கு வந்து முகம் கழுவினாலும் புருவத்தில் வெள்ளை மாவு ஒட்டியிருக்கும். லிஃப்ட் மெக்கானிக்கான கணவருக்கோ கைரேகை முழுக்கக் கருப்பு எண்ணெய். இருவரும் ஒரே துண்டில் துடைத்தால் துண்டு பாழ் என்று, ஆளுக்கொரு ஆணியில் ஆளுக்கொரு துண்டு.

மகள் கல்யாணமாகி வேறு ஊருக்குப் போகும்போது தன் மடிக்கணினியை அம்மாவுக்கு விட்டுவிட்டுப் போனாள். ஒரு விளையாட்டையும் அதில் ஏற்றிக் கொடுத்தாள். இருவரும் ஆளுக்கொரு படகில் ஒரே கடலில் போகலாம், போகும்போதே பேசிக்கொள்ளலாம் என்பது யோசனை. பேசுவதற்கு ஓர் அரட்டைச் செயலி. அதையும் விளையாட்டோடு இணைத்து, கேட்ட கேள்விக்கெல்லாம் 'சரி' என்று அழுத்திவிட்டாள். அம்மாவுக்கு வேகமாக ஓட்ட வராததால் 'நத்தை' என்று பெயரும் வைத்தாள். பத்து நாளுக்குள் மகளுக்குப் புது வேலை, புது வீடு என்று வேலைக்குமேல் வேலை. அவள் படகு துறையிலேயே நின்றுவிட்டது. நத்தை மட்டும் தன்பாட்டில் போய்க்கொண்டிருந்தாள்.

நிஜக் கடலைப் பேருந்து ஜன்னல் வழியே ஒருமுறை பார்த்ததோடு சரி. இந்தக் கடலோ அவளை வாயடைக்க வைத்தது. வடக்கே போகப்போகத் தண்ணீரின் நிறம் மாறிக்கொண்டே வரும். பச்சை கருநீலமாகும், கருநீலம் மையாகும். பிறகு திடீரென்று மூடுபனி விலகினால் எதிரே மாடிக்கட்டடம் போல ஒரு பனிமலை, உள்ளே விளக்கு எரிவதுபோல் நீலமாய் நிற்கும். ஒருநாள் படகுக்கு அடியில் ஒரு நிழல் கடந்தது. முடிந்துவிட்டது என்று நினைத்தால் இன்னும் வந்தது, இன்னும் வந்தது. திமிங்கலம். அடுப்பில் வைத்த வெந்நீர் பொங்கி வழிந்ததுகூடத் தெரியாமல், மடிக்கணினி இருந்த சமையல் மேடையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அன்றிலிருந்து விடிகாலையில் வேலை தொடங்குமுன் ஒரு சுற்று, மதியச் சாப்பாட்டு நேரத்தில் போனில் ஒரு சுற்று. அந்தக் கடலுக்கு வருகிறவர்கள் செயலியில் ஒரு குழு வைத்திருந்தார்கள். அதிலும் மகள் அவளைச் சேர்த்துவிட்டிருந்தாள். பல்லக்கா அங்கே ஒரு வார்த்தை எழுதியதில்லை. மற்றவர்கள் போடும் படங்களைப் பார்ப்பதோடு சரி.

கூடத்து முதலாளி அவளைவிட வயதில் சின்னவர், தங்கமான மனிதர். மருத்துவர்கள் பற்களின் படங்களை அனுப்ப வசதி என்று அவரும் அதே செயலிக்கு மாறினார். வேலை செய்பவர்கள் எல்லாரையும் அதில் சேர்த்துக்கொண்டார். கணவருக்குக் கண் பரிசோதனை என்று பல்லக்கா அரைநாள் விடுப்பு எடுத்த மறுநாள், மெழுகுக் கத்தியை நீட்டிக்கொண்டே சிரித்தபடி சொன்னார்.

"என்னக்கா, கண் ஆஸ்பத்திரிக்குப் போறேன்னுட்டுக் கடல்ல சுத்திக்கிட்டு இருந்தீங்க?"

அவர் குத்திப் பேசவில்லை. காத்திருக்கும் அறையில் உட்கார்ந்து போனில் ஓட்டியது உண்மைதான் என்று அவளும் சிரித்துக்கொண்டே சொன்னாள். ஆனால் அது எப்படி இவருக்குத் தெரிந்தது? அவர் போனைத் திருப்பிக் காட்டினார். அவள் பெயருக்குக் கீழே சின்னதாக ஒரு படகு. படகுக்குப் பக்கத்தில், இப்போது விளையாடுகிறாரா, கடைசியாக எப்போது விளையாடினார் என்பதெல்லாம். சுருக்கென்றது. அப்போதுதான் அதே செயலியில் இருக்கும் நாத்தனார் சில நாள் முன்பு போனில், "என்ன அண்ணி, விடியறதுக்குள்ள கடலுக்குப் போயிட்டீங்க போல" என்று கேட்டதும், அதைத் தான் ஏதோ கிண்டல் என்று விட்டுவிட்டதும் புரிந்தது.

அன்று முழுவதும் பல் ஒன்றும் வரிசையில் நிற்கவில்லை. தெருப்பக்க ஜன்னலுக்குத் திரை இருக்கிறது என்று நினைத்து இத்தனை காலம் உடை மாற்றிக்கொண்டிருந்தது போல இருந்தது. தப்பாக எதுவும் செய்யவில்லைதான். ஆனாலும் அந்தக் கடல் தனக்கு மட்டும் என்று நினைத்திருந்தாளே.

மாலையில் மடிக்கணினியைத் திறந்து செயலியின் அமைப்புகளுக்குள் நுழைந்தாள். முதலில் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. ஆனால் வார்த்த தாடையைத் திருப்பித் திருப்பிக் கடைவாய்ப் பல்லின் பின்புறம் பார்ப்பது போல ஒவ்வொரு பக்கமாகத் தேடிப் பழகியவள் அவள். 'தனியுரிமை' என்பதற்குள் 'உங்கள் செயல்பாடு' என்று ஒன்று இருந்தது. அதைத் தொட்டதும் ஒரு பட்டியல் இறங்க ஆரம்பித்தது.

கீழே தள்ளினாள். இன்னும் இருந்தது. விரல் வலிக்கும்வரை தள்ளினாள். எந்த நாள் கடலுக்குப் போனாள், எவ்வளவு நேரம் இருந்தாள், எதில் ஓட்டினாள், மடிக்கணினியிலா போனிலா, எல்லாம். நடுவே வெறுமையாக ஒரு பெரிய இடைவெளி. அது அவளுக்கு மஞ்சள் காமாலை வந்து படுத்திருந்த காலம். இன்னோரிடத்தில் வரிகள் நெருக்கி நெருக்கிக் கிடந்தன. மகள் கல்யாணத்துக்குப் பிறகு வீடு வெறிச்சென்று கிடந்த வாரங்கள். யாரிடமும் சொல்லாத வாரங்கள். தன்னை இவ்வளவு பொறுமையாகப் பெற்ற தாய்கூடக் கவனித்ததில்லை என்று தோன்றியது. கோபம் வருவதற்குப் பதிலாக ஒரு மலைப்புத்தான் வந்தது. யார் சொல்லி இதெல்லாம் எழுதி வைத்தது? யார் படிப்பதற்கு?

கணவர் தோளுக்குப் பின்னால் நின்று எட்டிப் பார்த்தார். "இவ்வளவையும் வச்சுக்கிட்டு அவங்க என்ன பண்ணப்போறாங்க?" என்றார்.

"தெரியலைங்க. ஆனா இது என்னோடது."

ஒவ்வொன்றாகச் செய்தாள். பெயருக்குக் கீழே படகைக் காட்டும் பொத்தானை அணைத்தாள். விளையாட்டுக் கணக்குக்கும் செயலிக்கும் நடுவே மகள் போட்ட முடிச்சை அவிழ்த்தாள். இனிமேல் சேகரிக்கலாம் என்ற அனுமதியைத் திரும்ப எடுத்தாள். கடைசியில் பழையதையெல்லாம் அழிக்கும் இடம். நீக்கினால் திரும்பப் பெற முடியாது, முழுவதும் மறைய சில நாள் ஆகலாம் என்று எச்சரித்தது. நிச்சயமா என்று கேட்டது. நிச்சயம் என்றாள். மறுபடியும் கேட்டது. "மாமியார்கூட இத்தனை தடவை கேட்டதில்லை" என்று முணுமுணுத்துக்கொண்டே மறுபடியும் அழுத்தினாள். பக்கம் வெள்ளையாகிவிட்டது.

அந்த வாரம் கடல் இன்னும் பெரிதாகத் தெரிந்தது. யாருக்கும் தெரியாமல் பனிமலைகளுக்கு நடுவே போவதில் ஒரு புதுச் சுகம் இருந்தது.

பிறகு ஒருநாள் மதியம் செயலியில் முன்பின் தெரியாத ஒருவரிடமிருந்து செய்தி வந்தது. அந்தக் கடல் குழுவில் இருக்கும் பால்வண்டிக்காரர். "நத்தையாரே, நல்லா இருக்கீங்களா? கொஞ்ச நாளா உங்க பேருக்குக் கீழே படகைக் காணோம். உடம்புக்கு ஏதும் இல்லையே?" என்று எழுதியிருந்தார். தினமும் விடிகாலை வண்டி எடுக்குமுன் குழுவைத் திறப்பாராம். நத்தையின் பெயருக்குக் கீழே அந்தப் படகு விளக்குப்போல் எரிந்தால், உலகத்தில் தன்னோடு இன்னோர் ஆளும் எழுந்துவிட்டார் என்று தெம்பாகக் கிளம்புவாராம்.

அவள் திகைத்துப்போய் அதையே பார்த்துக்கொண்டிருக்கும்போது இன்னொன்று வந்தது. படுக்கையில் இருக்கும் அப்பாவைப் பார்த்துக்கொள்ளும் ஒருவர். அப்புறம் துறைமுகத்தில் பளுதூக்கி ஓட்டும் ஒரு பெண். ஒருவரை ஒருவர் கலந்து பேசி எழுதியதுபோலவும் இல்லை. எல்லார் கேள்வியும் ஒன்றுதான். படகு எங்கே?

கடைசியாக வந்தது நீளமான செய்தி. ஒரு தையல்காரி எழுதியிருந்தாள். தொண்டையில் புற்று வந்து குரல்வளையையே எடுத்துவிட்டார்களாம். பேச்சு அடியோடு போய்விட்டது. தன் பழைய கணினியில் அந்த விளையாட்டு ஓடாது. கடலின் படங்களுக்காகத்தான் குழுவில் சேர்ந்தாளாம். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு, பார்க்க வந்தவர்கள் எல்லாரும் ஏதாவது எழுதிக் காட்டு, தலையையாவது ஆட்டு என்றார்களாம். பதில் சொல்லிச் சொல்லியே களைத்துப் போனாளாம்.

"எனக்கு ஒரு துணை வேணும்னு இருந்துச்சு, ஆனா பேசச் சொல்லாத துணை. குழுவில நீங்க ஒருத்தர்தான் ஒண்ணுமே எழுத மாட்டீங்க. ஆனா தினமும் வருவீங்க. உங்க படகு எரியறப்போ நானும் தையல் மிஷின்ல உக்காருவேன். அது அணைஞ்சா நானும் எழுந்துருவேன். அப்படித்தான் மறுபடி வேலைக்கே வந்தேன். நீங்க யாருன்னு எனக்குத் தெரியாது. நல்லா இருந்தா போதும், பதில் எழுதணும்னு இல்லை."

பல்லக்காவின் கையில் இருந்த மெழுகுத் துண்டு உருகி விரலில் ஒட்டிக்கொண்டது. சமையல் மேடையில், மாவு ஒட்டிய புருவத்தோடு, வெந்நீர் கொதிக்கும்வரை அவள் விளையாடிய விளையாட்டு. அதைப் பார்த்துக்கொண்டு ஒருத்தி பிழைத்து எழுந்திருக்கிறாள். நோட்டம் விடுகிற கண்கள்தான் இருக்கும் என்றல்லவா நினைத்தாள்?

வீட்டுக்கு வந்து கணவருக்குச் செய்திகளை ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினாள். அவர் துண்டைத் தோளில் போட்டபடி கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு, "அப்ப மறுபடி போட்டு விட்டுடேன்மா" என்றார்.

அவளும் அதையேதான் யோசித்தாள். பொத்தானுக்குப் பக்கத்தில் அம்புக்குறியைக் கொண்டுபோய் நிறுத்தியும் பார்த்தாள். அவிழ்த்த முடிச்சையும் சேர்த்துப் போட்டால் தையல்காரிக்கு விளக்கு எரியும். முதலாளிக்கும் எரியும், நாத்தனாருக்கும் எரியும், அந்தப் பட்டியலை எழுதி வைத்த, யாரென்றே தெரியாத கணக்குப்பிள்ளையும் மறுபடி எழுத உட்கார்ந்துவிடுவான்.

"வேணாங்க," என்றாள். "அது நானா சொன்னதில்ல. எனக்குத் தெரியாம அதுவா சொன்னது. கேக்கறவங்களுக்கு நானே சொல்லிக்கறேன்."

மறுநாள் விடிகாலை, குழுவில் வாழ்நாளில் முதல்முறையாக அவள் எழுதினாள். 'கிளம்பிட்டேன்.' அவ்வளவுதான். எழுதிவிட்டு, அதிகப்பிரசங்கித்தனமோ என்று வெட்கப்பட்டாள். ஆனால் பால்வண்டிக்காரர் ஒரு சூரியனைப் போட்டார். பளுதூக்கிப் பெண் தானும் கிளம்பிவிட்டதாக எழுதினாள். தையல்காரி ஒரு தையல் மிஷின் படம் போட்டாள். அதிலிருந்து அதுவே வழக்கமாயிற்று. மனசு சரியில்லாத நாளில் எழுதமாட்டாள். யாரும் ஏன் என்று கேட்பதில்லை. சொல்லாமலும் இருக்கலாம் என்ற உரிமையை எல்லாரும் அவளுக்கு விட்டுக்கொடுத்துவிட்டார்கள்.

மழைக்காலம் முடிகிற சமயத்தில், படுக்கையில் அப்பாவை வைத்துக்கொண்டிருந்தவர் தன்னிடம் சும்மா கிடந்த கணினியைத் தையல்காரிக்கு அனுப்பிவைத்தார். இந்த ஞாயிறு விடியலில் தனக்கும் படகு உண்டு என்று தையல்காரி எழுதினாள். வடக்கே எங்கே வரவேண்டும் என்று கேட்டாள். பல்லக்கா குழுவிலேயே வழி எழுதினாள்.

ஞாயிறு விடியலில் கணவர் பல் துலக்கும் பிரஷ்ஷை வாயில் வைத்துக்கொண்டே வந்து பக்கத்தில் நின்றார். இத்தனை காலம் அதைச் சின்னப்பிள்ளை விளையாட்டு என்றவர். திரையில் கருநீலக் கடல். மூடுபனி. பல்லக்கா பெரிய பனிமலையின் அடியில் படகை நிறுத்தி, விளக்கை ஏற்றிவைத்துக் காத்திருந்தாள். கொஞ்ச நேரத்தில் பனிக்குள் ஒரு மஞ்சள் பொட்டு தெரிந்தது. தையல்காரி என்று நினைத்தாள். அதன் பின்னால் இன்னொன்று. அதற்கும் பின்னால் இரண்டு, மூன்று. எண்ணுவதை விட்டுவிட்டாள். குழுவில் பெயர் மட்டும் பார்த்தவர்கள், பெயர்கூடப் பார்க்காதவர்கள், எல்லாரும் வந்துகொண்டிருந்தார்கள். யாரும் அவளிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை. விளக்குகள் ஒவ்வொன்றாக வந்து பனிமலையைச் சுற்றி நின்றன. அந்த வெளிச்சத்தில் மலை உச்சிவரை பொன்னாக மாறியது. கடலின் அடியிலும் இன்னொரு பொன்மலை தலைகீழாக நின்றது.

கூட்டத்திலிருந்து ஒரு சின்னப் படகு தட்டுத்தடுமாறி அவள் பக்கம் வந்தது. புதிதாக ஓட்டுகிற கை என்று பார்த்தாலே தெரிந்தது. இடித்துவிடுமோ என்று இருந்தது. ஒருவழியாக நின்றது. ஒவ்வொரு படகிலும் ஒரு சங்கு உண்டு. அந்தப் படகு தன் சங்கை ஊதியது. தாழ்ந்து, நீண்டு, நிறுத்தவே மனமில்லாததுபோல் அந்த ஒலி பனிமலையில் பட்டுத் திரும்பிவந்து சமையலறையை நிறைத்தது.

"யாரும்மா அது?" என்றார் கணவர், வாயில் நுரையோடு.

"நம்ம தையல்காரி," என்றாள். பதிலுக்குத் தன் சங்கை அழுத்த விரலைக் கொண்டுபோனவள், அழுத்தாமல் நிறுத்திக்கொண்டாள். அவள் ஊதி முடிக்கட்டும் என்று இருந்தது.