இரண்டு முறை மட்டும் கூப்பிட்ட குரல்

பாபநாசம் பக்கம் நான் போனது ஒரே ஒரு கையெழுத்துக்காக. இந்தியா முழுவதும் பாடப்படும் வேலைப் பாட்டுகளைச் சேர்த்து டெல்லியில் ஒரு தொகுப்பு தயாராகிறது. அதில் தமிழ்ப் பகுதி என் பொறுப்பு. இரண்டு வருடத்துக்கு முன்பு, ஒரு தை மாதத்தில், பாக்கியம் என்ற நடவுக்காரம்மாவிடம் ஒரு பாட்டைப் போனில் பதிவு செய்திருந்தேன். போன ஐப்பசியில் நடவு வயலிலேயே இடி விழுந்து அவர் இறந்துவிட்டார். இனி அனுமதிக் கடிதத்தில் மகள்தான் கையெழுத்துப் போட வேண்டும். முதல் வருஷத் திதிக்காக மகள் ஊருக்கு வந்திருக்கிறாள் என்று கேள்விப்பட்டதும் கிளம்பிவிட்டேன். திதி வீட்டுக்குப் போயா கையெழுத்துக் கேட்பாய் என்றார் கணவர். நியாயமான கேள்விதான், நான் காதில் வாங்கவில்லை.

எழும்பூரில் இரவு ரயில் ஏறி, விடியற்காலை ஐந்து மணிக்குத் தஞ்சாவூர். குளித்து, நாலு இட்லி சாப்பிட்டு, எட்டு பத்துக்குக் கும்பகோணம் பஸ். பாபநாசம் இருபத்தைந்து கிலோமீட்டர், ஐம்பது நிமிடம், டிக்கெட் இருபத்தைந்து ரூபாய். அங்கிருந்து ஊருக்கு ஏழு கிலோமீட்டர். ஆட்டோவுக்கு இருநூறு கேட்டார், கொடுத்தேன். பேரம் பேசுகிற நேரமா அது? தூறல் என்றும் சொல்ல முடியாது, மழை என்றும் சொல்ல முடியாது. ஆகாயம் வயலுக்கு மேல் தலை இடிக்கிற உயரத்தில் நின்றது.

"இப்ப நடவெல்லாம் வங்காளத்து ஆளுங்கதான் மேடம்" என்றார் டிரைவர். "நம்ம ஆளுங்க புள்ளைங்கள்லாம் படிச்சிட்டு வேலைக்குப் போயிடுச்சுங்க. இவங்க விடியக்கால இறங்குனா பொழுதுக்கும் குனிஞ்ச தலை நிமிர மாட்டாங்க. மூணு வேளையும் உருளைக்கிழங்குதான், எப்படித்தான் திங்கிறாங்களோ!"

அந்த ஊரை அடையும் முன்பு ஒரு தவறை ஒப்புக்கொள்ள வேண்டும். "ஊர்ப் பெயர், ஆள் பெயர் எல்லாம் எடுத்துவிடுங்கள், பஞ்சாபில் படிப்பவருக்கும் அசாமில் படிப்பவருக்கும் புரிய வேண்டும்" என்று டெல்லி எடிட்டர் எழுதியிருந்தார். நானும் நல்ல பிள்ளையாகப் பாட்டில் வரும் குடமுருட்டியை வெறும் 'ஆறு' ஆக்கினேன். பதிவின் தொடக்கத்தில் பாக்கியம்மா தன் மகள் பெயரை இழுத்து இழுத்து இரண்டு முறை கூப்பிடுவார். யாரும் வரவில்லை. எனக்குக் காபி போடத்தான் மகளைக் கூப்பிடுகிறார் என்று நினைத்து அந்த இடத்தை வெட்டி எறிந்தேன். பிறகு போனில் இடமில்லை என்று மூலப் பதிவையும் அழித்துவிட்டேன். படுபாவி.

வீட்டில் டிவி அலறிக்கொண்டிருந்தது. பார்க்க யாரும் இல்லை. பாக்கியம்மாவின் கணவர் கோவிந்தராசு வாசலில் உட்கார்ந்து வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தார். அவருக்குக் காது சுத்தமாகக் கேட்காது. மகள் தமிழரசிக்கு இருபத்தாறு வயது, தஞ்சாவூரில் ஸ்டாஃப் நர்ஸ். மொழிக்காக ஊர்வலம் போன காலத்துப் பற்றில் அப்பா வைத்த பெயர். கூடத்துக்குள் நுழைந்ததும் என் கண்ணில் முதலில் பட்டது கொல்லைக் கதவு. பட்டப்பகலில் தாழ் போட்டு, அதற்கு முட்டுக்கொடுத்து இரண்டு நெல் மூட்டை.

கடிதத்தை அவள் தொடவில்லை. "முதல்ல அம்மா குரலைப் போடுங்கக்கா. எங்ககிட்ட ஒண்ணுமே இல்ல" என்றாள். டிவியை அணைக்காமல், போனைக் காதோடு வைத்துக் கடைசிவரை கேட்டாள். கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அப்புறம் கேட்டாள், "என் பேரு எங்கக்கா?"

எனக்குப் புரியவில்லை.

"புது வயல்ல முதல் புடி நாத்து ஊன்றதுக்கு முன்னாடி, பெத்த புள்ள பேரைச் சொல்லிக் கூப்பிடுவாங்க. பயிரும் புள்ளையும் ஒண்ணா வளரும்னு. பேரு சொல்லாம அம்மா பாட்டையே எடுக்க மாட்டாங்களே!"

உண்மையைச் சொன்னேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன், திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவள் வேறு ஒன்று கேட்டாள்.

"எத்தனை தடவை கூப்பிட்டாங்க?"

"ரெண்டு தடவை."

அவள் என் கையைப் பிடித்தாள். "நாலு நாளா கேக்குதுங்கக்கா" என்றாள். "கொல்லைப் பக்கம், வயல்லேர்ந்து. தமிழரசீ, தமிழரசீன்னு ரெண்டு தடவை. அப்புறம் நின்னுடுது. காலையில ஒருவாட்டி, மத்தியானம் ஒருவாட்டி. அப்பாவுக்குக் கேக்காது. நர்ஸா இருந்துக்கிட்டு இதை நான் யார்கிட்ட போய்ச் சொல்றது?"

மூன்றாவது முறை கூப்பிட்டால்தான் பதில் சொல்ல வேண்டும் என்று நம் எல்லார் வீட்டிலும் சொல்லி வளர்த்திருக்கிறார்கள். இரண்டு முறைக்கு மேல் கூப்பிடாதது எது என்றும் சொல்லியிருக்கிறார்கள். நான் இதையெல்லாம் நம்புகிற ஆள் இல்லை. ஆனால் டிவியை அணைக்க எழுந்தபோது கால் கொஞ்சம் தயங்கியது.

பதினொன்றே முக்கால் இருக்கும். ஒரு காக்கைச் சத்தம்கூட இல்லை. ஓட்டிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அப்போது மூட்டைகளுக்கும் கதவுக்கும் அந்தப் பக்கத்திலிருந்து வந்தது.

"தமிழரசீ... தமிழரசீ..."

அதே இழுப்பு, அதே இறக்கம். நான் வெட்டி அழித்த அந்த நாலு விநாடி. ஐயோ என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன். மூன்றாவது கூப்பாடு வரவில்லை. வாசலில் கோவிந்தராசு நிதானமாக வெற்றிலையை மடித்துக்கொண்டிருந்தார்.

"உங்களுக்கும் கேட்டுச்சுல்ல?" தமிழரசி அழுதுவிட்டாள். "எனக்குப் பைத்தியம் இல்லல்ல? பதில் சொல்லவும் பயமா இருக்கு. அம்மாவா இருந்தா, சொல்லாம இருக்கறது பாவம் இல்லையாக்கா?"

இரண்டு பேருமாக மூட்டைகளை இழுத்துப் போட்டோம். கொல்லையில் மூங்கில் குத்து, அதைத் தாண்டி ஒரு வாய்க்கால், குறுக்கே பாலமாகப் போட்ட பனைமரம். தோளைப் பிடித்துக்கொண்டு தாண்டினோம். அந்தப் பக்கம் வயலில், தலையோடு நீலப் பாலிதீன் போர்த்திய பதினாலு உருவங்கள் எங்களுக்கு முதுகு காட்டிக் குனிந்திருந்தன. ஒருவரும் பேசவில்லை. பாதி வயல் வெறும் சேறு, வரப்போரம் ஒரே ஒரு வரிசை நாற்று.

கடைசியில் நின்ற பெண் நிமிர்ந்து திரும்பினாள். தமிழரசியைப் பார்த்ததும் கையிலிருந்த நாற்றைப் போட்டுவிட்டாள்.

"தமிழ்? நீ தமிழ்தானே? மாஷி போன்ல போட்டோ காட்டும்."

அவள் பெயர் மாலதி. நம் ஊரிலும் தெருவுக்கு ஒரு மாலதி உண்டு, இவள் வங்காளத்து மாலதி. மாஷி என்றால் சித்தி, பெரியம்மா மாதிரி. போன வருடம் நடவு முழுக்கப் பாக்கியம்மாவுக்குப் பக்கத்து வரிசையில் நின்றவள். இடி விழுந்த அன்றும் நின்றிருக்கிறாள்.

"புது வயல், முதல்ல பேர் கூப்பிடணும். மாஷி சொல்லிக் குடுத்துச்சு" என்றாள் மாலதி. "முதல்ல உன் பேர். அப்புறம் மெதுவா என் பொண்ணு பேர், ஜும்பா. எல்லா ஊர்லயும் கூப்பிடுறேன். பூதலூர்லயும் கூப்பிட்டேன்."

தமிழரசி வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டாள். அங்கிருந்தே கேட்டாள், "ஏன் ரெண்டு தடவை மட்டும்?"

"மாஷி மூணு வேணாம் சொல்லும். மூணு கூப்பிட்டா பொண்ணு வயலுக்கு வந்துரும். வரக் கூடாது. படிக்கணும்."

தமிழரசி செருப்பைக் கழற்றினாள். சுடிதாரை முழங்காலுக்குச் சுருட்டிக்கொண்டு சேற்றில் இறங்கினாள். "இப்ப கூப்பிடுங்க" என்றாள். "மூணாவது தடவை. ஒரே ஒரு தடவை. நான் பதில் சொல்லிடறேன்."

மாலதி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். தமிழரசி கெஞ்சியும் கூப்பிடவில்லை. "மாஷி வேணாம் சொல்லிருக்கு" என்று தலையை ஆட்டிவிட்டு, சேற்றுக் கையாலேயே அவள் தோளைப் பிடித்து வரப்பில் ஏற்றிவிட்டாள். "நீ வேலைக்குப் போ."

தமிழரசி அழுதாளா, சிரித்தாளா தெரியவில்லை. இரண்டும் சேர்ந்துதான் வந்தது. எனக்கும்தான்.

போக நினைப்பவர்களுக்கு: நடவு பார்க்க ஐப்பசி நல்ல மாதம். இடி இடித்தால் வரப்பில் நிற்காதீர்கள், இது அலங்காரத்துக்குச் சொல்வதில்லை. ஊருக்குள் ஹோட்டல் கிடையாது, பாபநாசத்திலேயே சாப்பிட்டுவிடுங்கள். திரும்ப ஆட்டோ கிடைக்காது, வந்தவரின் நம்பரை வாங்கிக்கொள்ளுங்கள். பதிவு செய்தால் மூலத்தை அழிக்காதீர்கள். வெளியூர்க்காரருக்குப் புரியாது என்று நான் வெட்டிய பெயரை, தமிழே அரைகுறையாகத் தெரிந்த ஒரு வெளியூர்க்காரிதான் வயல் வயலாக எடுத்துப் போய்க்கொண்டிருந்தாள். எந்த மாநிலத்துப் பாட்டு, எந்த நாட்டுப் பாட்டு என்று தலைப்புப் போட உட்காரும்போதெல்லாம் இனி எனக்கு அந்த நீலப் பாலிதீன்தான் ஞாபகம் வரும்.

பெயர் திரும்ப வந்தால்தான் கையெழுத்து என்றாள் தமிழரசி. குடமுருட்டியையும் சேர்த்துத் திருத்தி டெல்லிக்கு அனுப்பினேன். "முதல் வரியில் ஒரே சொல் இரண்டு முறை வருகிறது, மற்ற வரிகளெல்லாம் மும்மூன்றாக வருகின்றன, விட்டுப்போயிற்றா? மூன்றாக்கிவிடட்டுமா?" என்று எடிட்டர் கேட்டிருந்தார்.

வேண்டாம், அந்தப் பெண் வயலுக்கு வந்துவிடுவாள் என்று பதில் எழுதினேன்.