ராத்தாவின் போனில் போன என் பொய்

அளவற்ற அருளாளனின் பெயரால் தொடங்குகிறேன்.

எங்கள் ராத்தா, எனக்கு மூத்த சகோதரி, வபாத்தாகி இன்றோடு ஒரு வருடம். நினைவு மலருக்குக் கட்டுரை கேட்ட ராத்தாவின் மகள்மார் ஒரு நிபந்தனையும் வைத்தார்கள்: "மாமா, பகிடி விட வேணாம்." பத்திரிகைகளில் பகிடி எழுதியே நரைக்கத் தொடங்கியவனிடம் இப்படிக் கேட்பது நியாயம்தான். ஆனால் ராத்தாவின் வாழ்க்கையை உள்ளபடி எழுதப் போனால் கேலிக்குரிய ஆள் ஒருவன் அகப்படுவான். அவன் நான். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ராத்தா பிறந்தது கல்முனைக்குத் தெற்கே, கடலுக்கும் வயலுக்கும் நடுவில் நெருக்கியடித்துக் கிடக்கும் எங்கள் ஊரில். எட்டாம் வகுப்போடு அவரது படிப்பு நின்றது. காரணம், வாப்பாவின் மௌத்து. நான் பல்கலைக்கழகம் வரை போனேன். காரணம், ராத்தாவின் தையல் மெஷின். மச்சான் சவூதியில் விபத்தில் காலமானபின், இரண்டு பெண் பிள்ளைகளை வைத்துக்கொண்டு ராத்தா வீட்டு முன்னறையில் கொமினிகேஷன் என்ற போன் கடை தொடங்கினார். பலகை அடைத்த ஒரு கூடு, உள்ளே ஒரு போன், ஒரு கதிரை. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பிறகு வளைகுடாவிலிருந்து அழைப்புகள் வரும். உள்ளே ஒருத்தி அழுவாள். வெளியே பத்துப் பேர் தங்கள் முறைக்குக் காத்திருப்பார்கள். பிறகு ராத்தா ஒரு கைத்தொலைபேசியும் வாங்கினார். றியாத், தோஹா என்று எங்கள் ஊரார் தங்கிய அறைச் சுவர்களிலெல்லாம் அந்த நம்பர் எழுதப்பட்டிருந்தது.

தொலைபேசி ஏழை நாடுகளை மாற்றிவிட்டது என்று நானும் நாலு கட்டுரை எழுதியிருக்கிறேன். கடல் கடந்து கலியாணம் பேசப்பட்டது, வீடு கட்டப்பட்டது, பிரசவ வலி அறிவிக்கப்பட்டது. எல்லாம் உண்மை. ஒன்றை மட்டும் எழுதாமல் விட்டேன்.

சுனாமி வந்த அந்த ஞாயிறு, ஊரின் போன் கம்பிகள் எல்லாம் கடலோடு போயின. சம்மாந்துறைப் பள்ளிக்கூடம் ஒன்றில் ஒதுங்கியிருந்தோம். ராத்தாவின் கைத்தொலைபேசி மட்டும் உயிரோடு இருந்தது. லேண்ட்மாஸ்டர் உழவு மெஷின் பற்றரியில் கம்பி கொளுவிச் சார்ஜ் ஏற்றுவோம். ஏற ஏற அழைப்பு வரும். "ராத்தா, எங்கட ஊட்டாக்கள் இருக்காங்களா?" எல்லோருக்கும் அந்த ஒரு கேள்விதான்.

மையித்துகளை அடக்கும் இடத்தில் பெயர் எழுதும் வேலை எனக்கு. படித்தவன் என்று கொப்பியைக் கையில் தந்துவிட்டார்கள். திங்கள் பின்னேரம் ஒரு மையித்து வந்தது. முகத்தை மூடியிருந்தது. கீழே தெரிந்தது கத்தரிப்பூ நிறத்தில் வெள்ளிப் புள்ளி போட்ட உடுப்பு. எங்கள் ஒழுங்கை வீடுகளில் அந்தத் துணி ஒன்றே ஒன்றுதான். பின்வீட்டு ஹனீபா றியாதிலிருந்து அனுப்பியது. அவர் மனைவி நிஸா பெருநாளுக்கு உடுத்தி ஒழுங்கையே பார்த்தது. "நிஸா" என்று எழுதினேன். முகத்துணியை விலக்கிப் பார்க்க எனக்குத் துணிவு வரவில்லை.

ராத்தாவிடம் வந்து துணியின் அடையாளத்தோடு சொன்னேன்.

"முகத்தப் பாத்தியாடா?"

"ஓம் ராத்தா. பாத்தன்."

"அல்லாஹ்வுக்காகச் சொல்லு."

"பாத்தன் எண்டு சொல்றனே!"

அன்று மாலை மஃரிபுக்கு முன் ஹனீபா அழைத்தார். ராத்தா சொல்லிவிட்டார். றியாதில் அவரோடு தங்கியிருந்த அறைக்காரர்கள் கூடி, உடல் முன்னால் இல்லாமலே நிஸாவுக்காக மறைவான ஜனாஸாத் தொழுகையும் தொழுதார்கள்.

புதன்கிழமை காலை, வீரமுனைத் தமிழ்க் குடும்பம் ஒன்று ட்ரெக்டரில் ஒரு பெண்ணைக் கொண்டுவந்து இறக்கியது. நிஸா. தண்ணீர் தள்ளிக்கொண்டு போய்ச் சதுப்பில் விட்டிருந்தது. அவர்கள்தான் தூக்கிப்போய் வைத்துப் பார்த்திருந்தார்கள். சேற்றுத் தண்ணீர் குடித்ததில் குரல் அடியோடு போயிருந்தது.

ராத்தா என்னை ஒருமுறை பார்த்தார்.  உடனே றியாதுக்கு எடுத்தார். மறுமுனையில் பேசியவர் ஹனீபாவின் அறைக்காரர் ஒருவர்.

"ரெண்டு நாளாச் சாப்பிடுறார் இல்ல ராத்தா. மொட்டைமாடி விளிம்புல போய் நிக்கிறார். எங்களுக்குப் பயமாக் கிடக்கு."

"ஓடிப் போய் போனக் குடுங்க. நிஸா இருக்கா!"

பற்றரியில் ஒரு கோடுதான் மிச்சம். படி ஏறும் செருப்புச் சத்தம் எங்களுக்குக் கேட்டது. பிறகு ஹனீபாவின் குரல்:

"என்னைத் தேத்துறதுக்குப் பொய் சொல்லாதீங்க ராத்தா. அண்டைக்கு மௌத்து எண்டீங்க, இண்டைக்கு இருக்கா எண்டுறீங்க. அவட குரலக் கேட்கணும்."

"குரல் போயிட்டு தம்பி. பக்கத்துலதான் இருக்கா."

"பாத்தீங்களா, பொய்தான்."

"அவவுக்கு மட்டும் தெரிஞ்ச எதையாவது கேளுங்க. எழுதிக் காட்டுவா."

 "நான் அனுப்பின துணிய என்ன செஞ்ச எண்டு கேளுங்க. போன கிழமைதான் கடிதத்துல எழுதியிருந்தா. வேற ஒருத்தருக்கும் தெரியா."

நிஸா என் கொப்பியை வாங்கினாள். பதிலை எழுதினாள். எழுதும்போது முகத்தில் சின்னதாக ஒரு வெட்கச் சிரிப்பும் வந்தது.

ராத்தா வாசித்தார்: "தங்கச்சி கேட்டு அழுதாள். குடுத்திட்டன்."

வாசித்து முடித்து ராத்தா கொப்பியை என்னிடம் நீட்டினார். ஹனீபா மறுமுனையில் வெடித்து அழுதார், சந்தோஷத்தில். நிஸாவும் அழுதாள், சந்தோஷத்தில். நான் அடக்க வைத்தது யாரை என்று அந்தப் பள்ளிக்கூட வராந்தாவில் அறிந்திருந்தது இரண்டே பேர். போன் அணைந்தது. ராத்தா நிஸாவின் தலையைத் தன் மடியில் சாய்த்துக்கொண்டு, "நீ போ, நான் சொல்றன்" என்று என்னை அனுப்பிவிட்டார். நானும் போய்விட்டேன்.

அதன்பின் ஒழுங்கையில் ஒரு கதை நிலைத்தது. "அவ சொன்ன செய்தியா? மூணு நாள் பொறுத்துப் பாருங்க." ராத்தாவின் காதுபடவே சொன்னார்கள். என் பெயரை அவர் ஒருநாளும் வாய் திறந்து சொன்னதில்லை.

யுத்தம் முடிந்த மாதங்களில் வீரமுனை, காரைதீவுத் தாய்மார் வன்னியில் இருந்த பிள்ளைகளைத் தேடி ராத்தாவின் போன் கூட்டில் வந்து குந்துவார்கள். ஒருநாள் ஒரு தாய்க்கு வெளிநாட்டுச் சொந்தக்காரர் ஒருவர், "மகன் முகாமில இருக்கிறான்" என்றார். ராத்தா போனைப் பறித்தார்.

"கண்டது ஆர்?"

"கேள்விப்பட்டதுதான் அக்கா."

"அப்ப கேள்விப்பட்டன் எண்டு சொல்லுங்க. இந்த மனிசி இண்டைக்குச் சோறு தின்னுறதும் தின்னாததும் உங்கட அந்த ஒரு சொல்லுலதான் கிடக்கு."

அடுத்த வருடம் ராத்தாவின் சீனி வருத்தம் சிறுநீரகத்துக்கு ஏறியது. இரண்டு மாதம் படுக்கையில் இருந்து, ஒரு விடிகாலைச் சுபஹோடு அவர் போய்விட்டார்.

ஜனாஸாத் தொழுகைக்கு முன், வழக்கப்படி நான் எழுந்து நின்று, மர்ஹூமாவான ராத்தா யார் மனத்தையாவது நோகடித்திருந்தால் மன்னிக்கும்படி சபையிடம் கேட்டேன். மூன்றாவது வரிசையிலிருந்து, றியாதை விட்டு ஊரோடு வந்துவிட்டிருந்த ஹனீபா எழும்பினார்.

"தம்பி, அந்த போன் விஷயத்த நான் எப்பவோ மன்னிச்சிட்டன். ராத்தாட கபுறு விசாலமாகட்டும்."

பள்ளி முழுக்க ஆமீன் சொன்னது. நானும் சொன்னேன்.

இறுதிவரை பராமரித்த வைத்தியர்கள், தாதிமார், குளிப்பாட்டிக் கபனிட்ட பெண்கள், கபுறு வெட்டியவர்கள், நிஸாவைக் காத்த வீரமுனைக் குடும்பத்தார் அனைவருக்கும் எங்கள் நன்றி. அல்லாஹ் நற்கூலி தருவானாக.

ஹனீபா, நீங்கள் மன்னித்த குற்றம் ராத்தாவுடையது அல்ல. முகத்தைப் பாராமல் பார்த்தேன் என்றவன் நான். நிஸா, உங்கள் தங்கைக்கு உங்கள் பெயரைச் சொல்லி துஆக் கேட்க வைத்தவனும் நான்தான். இந்த மலர் உங்கள் கைக்கு வந்த மறுநாள் பின்னேரம் அஸருக்குப் பிறகு உங்கள் வீட்டுக்கு வருவேன். கதவைத் திறப்பதும் திறக்காததும் உங்கள் இருவரின் இஷ்டம்.