இருபத்தேழாவது துண்டு

யோன்ஷிம் அக்கா டேக்வாண்டோ பள்ளி ஒன்றின் மஞ்சள் வேனை ஓட்டுகிறாள். மதியம் இரண்டு மணிக்குப் பிள்ளைகளைக் கொண்டுபோய் விட்டால் அடுத்த நடைக்கு முக்கால் மணி நேரம் இருக்கும். மற்ற வேன்காரர்கள் அந்த நேரத்தில் சீட்டைச் சாய்த்துக் குறட்டை விடுவார்கள். அக்கா ஸ்டியரிங்கின் மேல் லேப்டாப்பைச் சாய்த்து வைத்துக்கொண்டு ஹேதாமை வெட்டிக்கொண்டிருப்பாள்.

பயப்பட ஒன்றுமில்லை. ஹேதாம் எங்கள் பாடகன். அம்மா காலத்துப் பாணியில் காதல் பாட்டுப் பாடுகிற முப்பத்திரண்டு வயதுப் பையன். எங்களுக்கெல்லாம் அறுபதை ஒட்டிய வயது. அதைச் சொல்லிச் சிரிப்பவர்கள் சிரித்துக்கொள்ளட்டும், எங்கள் வீட்டுக்காரர்களும் ஆரம்பத்தில் சிரித்தவர்கள்தான்.

ஹேதாம் ஒரே பாட்டை நாற்பது மேடையில் பாடியிருப்பான், நாற்பது விதமான கோட்டு போட்டுக்கொண்டு. அந்த நாற்பதையும் துண்டு துண்டாக வெட்டி ஒரே பாட்டாக ஒட்டுவது அக்காவின் வேலை. "கடைசிப் பேருந்தும்" என்று வெள்ளைக் கோட்டில் ஆரம்பிப்பான், "போய்விட்டதே" என்று சிவப்புக் கோட்டில் முடிப்பான். முகம் இருந்த இடத்திலேயே இருக்கும், கோட்டு மட்டும் மாறிக்கொண்டே போகும். இதற்குக் குறுக்குவெட்டு என்று பெயர். அவன் கண்ணை மூடும் இடத்தில் வெட்டி, அடுத்த மேடையில் கண்ணைத் திறக்கும் இடத்தில் ஒட்ட வேண்டும். ஒரு இமை அளவு பிசகினாலும் பையன் விக்கல் வந்தவன் மாதிரி தெரிவான்.

இதை நன்றாகச் செய்கிறவர்களுக்கு இணையத்தில் இருக்கிற எங்கள் ரசிகர் மன்றத்தில் 'தங்கக் கை' என்று பட்டம். பெயருக்குப் பக்கத்தில் மஞ்சளாக ஒரு கை ஒட்டியிருக்கும். ஒன்றும் செய்ய வராதவர்களுக்குச் 'சாணிக் கை' என்று பெயர். அதற்குப் படமெல்லாம் கிடையாது. இருந்தாலும் குன்சான் கிளையின் முப்பத்தெட்டுப் பேரிலும் சாணிக் கை யார் என்று கேட்டால் எல்லோரும் கில்ஜா என்று என்னைத்தான் காட்டுவார்கள்.

தங்கக் கை எங்கள் கிளையில் ஒன்றே ஒன்று. அக்கா நடுநிலைப் பள்ளியோடு படிப்பை விட்டுவிட்டுச் செருப்புத் தொழிற்சாலைக்குப் போனவள். நலமையத்தில் முதியோருக்கான செல்போன் வகுப்பில், மற்றவர்கள் பேரப்பிள்ளை படத்தைச் சுற்றிப் பூ ஒட்டக் கற்றுக்கொண்டிருந்தபோது, இவள் மூன்றாம் நாளே வீடியோவை எப்படி வெட்டுவது என்று கேட்டாள். "அதெல்லாம் உங்களுக்கு எதுக்குங்க" என்றானாம் வாத்தியார். இரண்டே மாதத்தில் தானாகவே கற்றுக்கொண்டு, ஒரு வீடியோவை வெட்டி ஒட்டி அந்த வாத்தியாருக்கே அனுப்பிவைத்தாள். பெயரோடு ஒரு பட்டம் சேர்ந்தது அவள் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. மஞ்சள் கை வந்த அன்று என் கடைக்கு வந்து, ஒன்றும் வாங்காமல், செல்போனை என் மூக்குக்கு நேரே நீட்டிக்கொண்டு நின்றாள். எனக்குப் பொறாமையாக இருந்தது. சந்தோஷமாகவும் இருந்தது.

இப்படி இருக்கும்போதுதான் சேபோம் என்ற பெண் சியோலிலிருந்து வந்து இறங்கினாள். ரசிகர்களைப் பற்றி ஆராய்ச்சி செய்து டாக்டர் பட்டம் வாங்கப் போகிறவள். ஏழு வருடமாக வாங்கப் போகிறாள். முதுகில் ஆமை மாதிரி ஒரு பை, கையில் ஒலிப்பதிவுக் கருவி. அக்காவை 'டீச்சர்' என்றுதான் கூப்பிட்டாள்.

"டீச்சர், இந்த இடத்துல ஏன் நீலக் கோட்டுலேர்ந்து பச்சைக் கோட்டுக்குப் போனீங்க?"

"கண்ணு பொருந்துச்சு."

"நீலம் தொலைக்காட்சி நிறுவனத்தோட மேடை. பச்சை கிராமத்துத் திருவிழா. பெரிய முதலாளியோட கையிலேர்ந்து அவரைப் பிடுங்கி மக்கள் கையில குடுத்திருக்கீங்கன்னு நான் எழுதியிருக்கேன்."

அக்கா என்னைப் பார்த்தாள். நான் வேன் கூரையைப் பார்த்தேன்.

"எழுதிக்கோம்மா. ஆனா கண்ணு பொருந்துச்சுன்னும் ஓரமா ஒரு வரி எழுதிரு."

மூன்று மாதம் இப்படியே போனது. அக்காவுக்கு இந்தப் பெண்ணைப் பிடித்துவிட்டது. நான் கட்டிக் கொடுக்கும் கிம்பாப் சோற்றுச் சுருளில் பாதி அந்த ஆமைக்குத்தான் போனது. ஒரு செவ்வாய்க்கிழமை அவள் முகம் வெளிறி வேனுக்குள் ஏறினாள். 'கடைசிப் பேருந்து' வீடியோவில் உள்ள ஒவ்வொரு துண்டும் எந்த ஊர், எந்தத் தேதி என்று அட்டவணை போட்டிருக்கிறாள். மொத்தம் நாற்பத்தொரு துண்டு. நாற்பதுக்குக் கணக்கு வந்துவிட்டது.

"இருபத்தேழாவது துண்டு மட்டும் இடிக்குது டீச்சர். பழுப்புக் கோட்டு, ரெண்டு செகண்ட். காதுக்குப் பின்னாடி பேனர்ல பாதி எழுத்து தெரியுது, பூண்டுத் திருவிழான்னு. அன்னைக்கு ஹேதாம் பூசான்ல நேரலையில பாடிட்டிருந்தார்."

அக்கா லேப்டாப்பை மெதுவாக மூடினாள். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். ஏனென்றால் அந்தத் துண்டை எடுத்தது நான். என் நாத்தனார் ஊர்ப் பூண்டுத் திருவிழாவுக்குத் தாம்ஹே வந்திருந்தான். ஹேதாமைப் போலவே முடி வெட்டி, ஹேதாமைப் போலவே தோளை ஆட்டி, பெயரையும் திருப்பிப் போட்டுக்கொண்டு ஊர் ஊராகப் பாடுகிற போலி. சும்மா சிரிப்பதற்காகச் செல்போனில் எடுத்து அக்காவுக்கு அனுப்பினேன்.

"அது தாம்ஹே" என்றாள் அக்கா.

"தவறுதலா வந்துருச்சா டீச்சர்?"

"தெரிஞ்சேதான் போட்டேன்."

"அக்கா" என்றேன் நான்.

"நீ சும்மா இரு. இங்க பாரும்மா. கடைசிச் சரணத்துல 'நீ சாப்பிட்டாயா'ன்னு ஒரு வரி வருது. பாட்டுக்கே உசிரு அதுதான். நாப்பது மேடையிலயும் நம்ம பையன் அந்த வரி வந்தா கீழ பாக்குறான். வரி மறந்துருது அவனுக்கு, தரையில வச்சிருக்கிற திரையைப் பார்த்துப் படிக்கிறான். நாப்பது தடவையும் அந்தப் பொட்டிகிட்டதான் சாப்பிட்டியான்னு கேட்டிருக்கான். அந்தப் போலிப் பய மட்டும்தான் நிமிர்ந்து நேரா பார்த்துக் கேட்டான். நான் என்ன செய்யட்டும்?"

சேபோமுக்குக் கண் கலங்கிவிட்டது. அழுகிறாளா, ஆராய்ச்சிக்கு விஷயம் கிடைத்த மகிழ்ச்சியா என்று தெரியவில்லை. இரண்டும்தான் என்று பிறகு அவளே ஒத்துக்கொண்டாள். நான்காம் அத்தியாயம் முழுவதும் இதுதான் என்றாள். பிறகு பையிலிருந்து ஒரு படிவத்தை எடுத்தாள். ஒப்புதல் தர விருப்பமில்லை என்றால் வரும் திங்கட்கிழமைக்குள் சொல்லிவிடலாமாம்.

"உங்க பேரு வெளிய வராது. பங்கேற்பாளர் 'இ'ன்னுதான் போடுவேன்."

"இ-யா?" அக்காவுக்குச் சட்டென்று கோபம் வந்தது. "எனக்கு முன்னாடி யாரு அந்த அ, ஆ?"

"தேகுல ஒருத்தங்க, உல்சான்ல ஒருத்தங்க."

"உல்சான்காரியா? ஹேதாமோட கழுத்தையே ஒட்டத் தெரியாதவ, அவ எனக்கு முன்னாடியா?"

பெயரை மறைத்தாலும் பயனில்லை என்பது எங்கள் மூவருக்குமே தெரியும். பூண்டு என்ற ஒரு வார்த்தை போதும், மன்றம் அரை மணி நேரத்தில் ஆளைப் பிடித்துவிடும். மன்றத்தின் விதிகளில் முதல் விதியே அதுதான்: வேறு ஆளின் படத்தை ஹேதாமின் படம் என்று போடுகிறவர் நீக்கப்படுவார். கையெழுத்துப் போட்டால் அக்காவின் மஞ்சள் கை போய்விடும். போடாவிட்டால் அந்தப் பெண்ணுக்கு எட்டாவது வருடம்.

நான்கு நாள் அக்கா யாரோடும் சரியாகப் பேசவில்லை. ஒரு நடையில் இரண்டு பிள்ளைகளை வீடு மாற்றி இறக்கிவிட்டாள். நான்தான் ஒரு யோசனை சொன்னேன், இன்றுவரை அதற்காக என்னையே திட்டிக்கொள்கிறேன்.

"ஞாயித்துக்கிழமை கூட்டத்துல நீயே சொல்லிரு அக்கா. ஆனா சும்மா சொல்லாத. வீடியோவ போட்டு, இதுல ஒருத்தன் போலி, கண்டுபிடிங்கன்னு சொல்லு. ஒருத்தியாலயும் முடியாது. அப்புறம் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு உன்ன நீக்குவாங்க?"

கூட்டம் வழக்கம்போல முள்ளங்கிச் சூப்புக் கடையின் மாடியில். முப்பத்தெட்டுப் பேரும் காவிநிற மேல்சட்டையில் வந்திருந்தார்கள். எங்கள் நிறம் அது. அக்கா சுவர் டிவியில் வீடியோவை ஓடவிட்டு விஷயத்தைச் சொன்னாள். ஹேதாமின் காது மடலைப் பின்னாலிருந்து பார்த்தே அடையாளம் சொல்வோம் என்று பீற்றிக்கொள்கிறவர்கள் ஆயிற்றே, உடனே களத்தில் இறங்கிவிட்டார்கள்.

"அந்த ஊதாக் கோட்டு. அந்தத் தாடை நம்ம பிள்ளையோடது இல்ல."

ஊதாக் கோட்டு, தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியின் இறுதிச் சுற்று. எல்லோரும் விரல் தேய வாக்குப் போட்டு ஜெயிக்கவைத்த மேடை.

"வெள்ளச் சட்டைதான். என்னமோ களவாணி முழி முழிக்கிறான் பாரு."

அது அவன் தன் அம்மாவின் அறுபதாம் பிறந்தநாளுக்குப் பாடியது.

"மீசை மழிக்காம நிக்கிறானே, இவன் அந்தத் தாம்ஹே பயலேதான். எனக்கு அப்பவே வாந்தி வந்துச்சு."

அதுவும் ஹேதாம்தான். அந்தப் படத்தையே தலையணை உறையில் அச்சடித்து வைத்திருப்பவள்தான் சொன்னாள். கால் மணி நேரத்தில் பதினொரு துண்டுகளுக்குப் போலிப் பட்டம் கிடைத்தது. பதினொன்றும் அசல். பழுப்புக் கோட்டு வந்தபோது மட்டும் எல்லோரும் "இது நம்ம தங்கம்" என்று ஒரே குரலில் உருகினார்கள். சிரிப்பைப் பல்லைக் கடித்து அடக்கிக்கொண்டேன். ஜெயித்துவிட்டோம் என்றுதான் நினைத்தேன்.

அதுவரை பேசாமல் சாப்பிட்டுக்கொண்டிருந்த தலைவி போங்னிம் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். துறைமுகத்தில் முப்பது வருடம் சுங்க அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவள். அவள் பெட்டியைப் பார்த்தாலே பெட்டி தானாகத் திறந்துகொள்ளும் என்பார்கள்.

"இருபத்தேழு. பழுப்புக் கோட்டு" என்றாள். "நீ போட்ட அன்னைக்கே எனக்குத் தெரியும்."

"பின்ன ஏன் தலைவி சொல்லல?" என்று நான்தான் கேட்டேன்.

தலைவி கொஞ்ச நேரம் முள்ளங்கியைக் கரண்டியால் தள்ளிக்கொண்டிருந்தாள். "அவன் என்னப் பார்த்துக் கேட்டான்" என்றாள். "அவர் போனதுக்கப்புறம் எங்க வீட்டுல யாரும் அத கேக்குறதில்ல."

இனி எல்லாம் சரியாகிவிடும் என்று நான் நினைத்து முடிப்பதற்குள் தலைவி மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு செல்போனைக் கையில் எடுத்தாள்.

"தெரிஞ்சும் பேசாம இருந்தது என் தப்பு. இனிமே முடியாது. விதி விதிதான். அந்த ரெண்டு செகண்ட வெட்டி எடுத்துரு யோன்ஷிம். ஹேதாம் கீழ பாக்குறதையே போட்டுரு. உன் கை உன்கிட்டயே இருக்கட்டும்."

அக்கா டிவியைப் பார்த்தாள். பழுப்புக் கோட்டில் தாம்ஹே நிமிர்ந்தபடி நின்றுபோயிருந்தான்.

"வெட்டுனா அந்த வரி செத்துரும் தலைவி. நான் வெட்டமாட்டேன்."

"அப்ப நீக்கணும்."

"நீக்கிக்கோங்க."

தலைவி தன் செல்போனில் தட்ட, எல்லோர் எதிரிலும் அக்காவின் செல்போன் டிங் என்றது. அக்கா அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. மூலையில் உட்கார்ந்திருந்த சேபோமிடம் படிவத்தை வாங்கி, மேசையில் சிந்தியிருந்த சூப்பைத் துடைத்துவிட்டு, கையெழுத்துப் போட்டாள். 'இ' என்று இருந்ததை அடித்துவிட்டுத் தன் முழுப் பெயரையும் எழுதினாள்.

நீக்கப்பட்டவர்கள் மறுநாளே புதிதாகச் சேரலாம், அதற்கு விதியில் தடை இல்லை. ஆனால் அடிமட்டத்தில், 'முளை' என்ற நிலையில்தான் சேர முடியும். ஐம்பது பின்னூட்டம் போடும்வரை முளைகள் வீடியோ ஏற்ற முடியாது. மூன்று வருடம் தங்கக் கையாக இருந்தவள் அடுத்த இரண்டு வாரம் வேனில் உட்கார்ந்து, நேற்று வந்த பெண்களின் பதிவுகளுக்குக் கீழே "அருமை", "நன்றி", "உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்" என்று தட்டிக்கொண்டிருந்தாள். பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. என் கணக்கிலிருந்து தட்டித் தருகிறேன் என்றேன். "உன் கையா, வேண்டாம்" என்றாள்.

அதற்குள் ஹேதாமின் புதுப் பாட்டு வந்துவிட்டது. எல்லா ஊர்க் கிளைகளும் குறுக்குவெட்டு போட்டுவிட்டன. உல்சான்காரிகூடப் போட்டுவிட்டாள், கழுத்து எங்கேயோ முகம் எங்கேயோ. எங்கள் கிளை மட்டும் கைகட்டி உட்கார்ந்திருந்தது. ஒரு நாள் இரண்டரை மணிக்குத் தலைவி தானாகவே வந்து வேனின் முன்கதவைத் திறந்து ஏறினாள். நான் பின்சீட்டில் கிம்பாப் பொட்டலத்தோடு குறுகி உட்கார்ந்தேன்.

"எத்தன பின்னூட்டம் ஆச்சு?"

"நாப்பத்தெட்டு."

"மிச்சம் ரெண்டையும் இப்பவே போடு. நான் காத்திருக்கேன்."

அக்கா ஒற்றை விரலால் நிதானமாகத் தட்டினாள். தலைவி சீட் பெல்ட்டைப் போட்டுக்கொண்டு கண்ணாடி வழியாகத் தெருவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஆச்சு" என்றாள் அக்கா.

"புதுப் பாட்ட பார்த்தியா?"

"பன்னண்டு மேடையும் பார்த்துட்டேன்."

"எங்கயாவது கீழ பாக்குறானா?"

அக்கா லேப்டாப்பை மூடி வைத்தாள். "ரெண்டாவது சரணத்துல. 'வீட்டுக்கு வந்துட்டியா'ங்குற இடம்."

எங்களைத் தாண்டி ஒரு குப்பை லாரி போனது.

"விதிய மாத்தணும்னா கிளைக்கு அதிகாரம் உண்டு" என்றாள் கடைசியில், இன்னும் தெருவைப் பார்த்தபடியே. "அடுத்த மாசம் கிம்ஜே அறுவடைத் திருவிழாவுக்குத் தாம்ஹே வர்றானாம், இந்தப் புதுப் பாட்டோட. முன்வரிசையில மூணு இடம் சொல்லி வச்சிருக்கேன்."