அட்டையில் இல்லாத வசனம்

எங்கள் மந்தைவெளி அடுக்ககத்தின் கீழ்த்தளத்தில் ஓர் ஊமைப்படம் போட்டார்கள். திரையில் இடையிடையே வரும் ஆங்கில வசன அட்டைகளைத் தமிழில் வாசிக்க ஆள் தேடினார்கள். நாலு நகைச்சுவைப் புத்தகம் எழுதி, அவற்றை நானே பரிசளித்து வருபவன். மைக் என்றதும் ஒப்புக்கொண்டேன்.

படத்தில் ஒரு விதவைத் தாய், மூன்று குழந்தைகள், காலிப் பானை. வேறு வழியில்லாமல் மூத்தவளைப் பணக்கார வீடொன்றில் வேலைக்கு விடுகிறாள்.

முன்வரிசையில் எங்கள் வீட்டில் சமைக்கும் அக்கா. அன்று காலைதான் கேட்டிருந்தார்: “கொட்டிவாக்கத்துல ஒரு வூட்ல கொயந்தைய பாத்துக்க ஆள் கேக்கறாங்கோ சார். அங்கியே தங்கணும். பத்தாவது முடிச்சிட்டாளே, பொண்ண அனுப்பிடவா? இல்ல, மேல படிக்க வெக்கவா?” இட்லியில் கவனமாக இருப்பதுபோல் நடித்துத் தப்பித்தேன்.

கடைசி அட்டை வந்தது: ‘அந்தத் தாய் மகளை மறுபடி பார்க்கவேயில்லை.’

அக்கா முந்தானையைக் கடித்துக்கொண்டிருந்தார். எழுந்து ஓட முடியாது. மைக் வயர் நாற்காலியைச் சுற்றியிருந்தது.

“மகள் நலமாகத் திரும்பி வந்தாள்” என்று வாசித்தேன்.

ஆங்கிலம் தெரிந்தவர்கள் சிரித்தார்கள். நகைச்சுவை எழுத்தாளன் இல்லையா! கண்ணாடியை மறந்துவந்து, அட்டையைப் படிக்க முடியாத மாமா ஒருவர் மட்டும் விடவில்லை.

“வந்துட்டாள்னா அம்மாக்காரி ஏன் ஓய் அழறா?”

“ஆனந்தக் கண்ணீர், மாமா.”

“ஆனந்தமா? மூக்கைச் சிந்திண்டுன்னா இருக்கா!”

விளக்கு எரிந்ததும் அக்கா நேராக என்னிடம் வந்தார்.

“இப்பதான் சார் மனசு லேசாச்சு. அந்தப் பொண்ணு வந்துடுச்சுல்ல? எம்பொண்ணையும் நாளைக்கே அனுப்பிடறேன்.”

மைக்கை அணைத்தேன்.

“அக்கா, நான் மாத்திப் படிச்சேன். அவ வரவே இல்ல.”

“இன்னா சார் சொல்ற? அத்தினி பேர் முன்னால பொய்யா படிச்ச?”

“ஆமாம். அனுப்பாதீங்க.”

“வூட்ல வச்சினு துன்ன இன்னாத்த போடறது?”

“முதல்ல பதினொண்ணுல சேர்ப்போம்” என்றேன்.

“சேர்ப்போம்னா? நீயும் வர்றியா?”

பின்னால் மாமா நாற்காலியை மடித்துக்கொண்டே காதைத் தீட்டிக்கொண்டிருந்தார்.

“வர்றேன்.”

மறுநாள் காலை பள்ளிக்கூட வரிசையில் மூன்று பேர் நின்றோம். அக்காவின் பெண் என்னைப் பார்க்கவே இல்லை. விண்ணப்பத்தில் பாதுகாவலர் என்ற கட்டத்தில் அக்கா விரலை வைத்தார்.

“இதுல நீ கையெழுத்து போடு சார்.”

போட்டேன்.