ஒரே கட்டத்தில் இரண்டு வீட்டு அழைப்பு

“கட்டம் இரண்டு வேண்டாம், ஒன்று போதும்.” 1957 ஆனி மாதத்தில் பிழை பார்க்க அச்சிட்டு எடுத்த புரூப் தாள் ஒன்றின் பின்புறம் என் கையெழுத்தில் இப்படி இருக்கிறது. அது என் சொந்தக் கல்யாணப் பத்திரிகையின் புரூப்.

அப்போது காஜா பேராங் வட்டாரத்தில் ஒரு சிறிய அச்சகத்தில் எழுத்துக் கோத்துக்கொண்டிருந்தேன். பெண் அதே வட்டாரத்துச் சிட்டி குடும்பம், பல தலைமுறைக்கு முன்பே இங்கு வந்து தங்கிவிட்ட தமிழர் வழி. சாமி கும்பிடுவதெல்லாம் நம்மைப் போலத்தான். வீட்டுப் பேச்சு மலாய், தமிழ் எழுத்து தெரியாது. அதனால் மேல் கட்டத்தில் எங்கள் வீட்டார் தமிழிலும், கீழ்க் கட்டத்தில் அவர்கள் வீட்டார் மலாயிலும் அழைப்பதாகக் கோத்திருந்தேன். வருங்கால மாமனார் பார்த்துவிட்டு, “இது என்ன, இரண்டு கல்யாணமா?” என்று மலாயில் கேட்டார். மேலே உள்ள குறிப்பு அப்போது எழுதியது.

நடுக்கோட்டை எடுத்தேன். இரண்டும் ஒன்றானதும் நாளும் இடமும் இருமுறை வந்து நின்றன. சொன்னதையே திரும்பச் சொல்வது எனக்குப் பிடிக்காது. கீழே மலாயில் இருந்த நாளையும் இடத்தையும் உருவிவிட்டேன். பார்க்க லட்சணமாகவே இருந்தது.

மறுநாள் மாமனார் புதுப் புரூப்பை இரண்டு முறை மேலும் கீழும் பார்த்தார்.

“பிலா?” என்றார். எப்போது என்று கேட்கிறார். நாள் குறித்ததே அவர்தான். விளங்காமல் தமிழ் வரியைச் சுட்டிக் காட்டினேன். செமாபோக்கில் இருக்கும் தம் அக்காவுக்கு இதை யார் படித்துச் சொல்வது என்றார். அந்த அக்கா வராத கல்யாணம் அவருக்குக் கல்யாணமே இல்லை.

முதலாளி எட்டிப் பார்த்தார். “ஏன்யா, பொண்ணு வீட்டுல ஒருத்தரும் வராம சாப்பாட்ட மிச்சம் புடிக்கலாம்னு பாத்தியா?”

“கட்டத்த ஒண்ணாக்கச் சொன்னாங்க முதலாளி.”

“ஆக்குன. அவங்கள வெளிய நிறுத்திட்டு!”

மாமனாருக்கு அவ்வளவு தமிழ் விளங்கும். என்னைவிட அவர்தான் அதிகம் சிரித்தார்.

கடைசியில் நாளையும் நேரத்தையும் வெறும் இலக்கங்களாக நடுவில் ஒரே வரியில் வைத்தோம். மேலே தமிழ், கீழே மலாய். இலக்கம் இருவருக்கும் பொது. இடத்தை மட்டும் இரண்டிலும் போட்டேன். செமாபோக் அக்கா எல்லாருக்கும் முன்னால் வந்து, பத்திரிகையால் விசிறிக்கொண்டு முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

அந்த யோசனை யாருடையது? புரூப்பின் நடுவில் பென்சிலால் தேதி எழுதியிருக்கிறது; 57இன் ஏழுக்குக் குறுக்கே ஒரு சிறு கோடு. முதலாளி என்பது என் நினைவு. தன் அப்பா என்கிறாள் மனைவி. இருவருமே ஏழு என்ற இலக்கத்தை அப்படித்தான் எழுதுவார்கள். இது இன்னும் உறுதியாகவில்லை.